ஆர்கைவ் ஃபுட்டேஜ் வேலைக்குப் புதுசா? முதல்ல ஒரு ஷீட்டத் திறங்க

7 செகண்ட் கிளிப் ஒண்ணு. பனிமூட்டத்துல ரயில் ஒண்ணு ஸ்டேஷனுக்குள்ள வருது, பிளாட்ஃபாரத்துல நிக்கிற சின்னப் பையன் தொப்பியக் கழட்டி ஆட்டறான், அவ்வளவுதான். டைரக்டருக்கு அந்த ஷாட் மேல அப்படி ஒரு காதல், படத்தோட ஓப்பனிங்கே இதுதான்னு முடிவு பண்ணி, அதுக்கு ஏத்த மாதிரி மியூசிக் போட்டு, எடிட் லாக் பண்ணி (இனி எதுவும் மாத்தறதில்லன்னு முடிவு பண்ணி) எல்லாம் முடிஞ்ச பிறகு தயாரிப்பு ஆபீஸ்லேருந்து ஒரு கேள்வி வந்துச்சு: இது யாரோடது? ஃபைல் பேரப் பாத்தா "பழைய ட்ரெயின் ஃபைனல் 2"ன்னு இருக்கு. எங்கேருந்து டவுன்லோடு பண்ணதுன்னு ஒருத்தருக்கும் தெரியல, பண்ண பையன் வேலைய விட்டுப் போயே மூணு மாசம் ஆச்சு. 11 நாள் தேடினேன். ஸ்க்ரீன்ஷாட் எடுத்து இமேஜ் சர்ச்ல போட்டேன், ஆர்கைவ் ஆர்கைவா மெயில் அனுப்பினேன், பழைய எஞ்சின் பைத்தியங்க கிட்ட எஞ்சின் மாடலக் காட்டிக் கேட்டேன். கிடைக்கல. கடைசில வேற ஒரு ரயில் வந்துச்சு, பையன் இல்லாத ரயில். டைரக்டர் இன்னிக்கு வரைக்கும் அந்தப் பையனப் பத்தி என்கிட்ட பேசறார்.

ஆர்கைவ் வேலை, அதாவது பழைய ஃபுட்டேஜத் தேடி, ரைட்ஸ் வாங்கி, படத்துக்குக் குடுக்கற வேலைன்னா, தூசி படிஞ்ச ரீலத் தொட்டுப் பாக்கறதுன்னு நெனச்சு வர்றவங்க நிறைய. அதுவும் இருக்கு, இல்லேன்னு சொல்லல, ஆனா முக்காவாசி இது கணக்குப்பிள்ளை வேலை. ஒவ்வொரு கிளிப்பும் எங்கேருந்து வந்துச்சு, யாரோடது, எத்தன செகண்ட் எடுத்திருக்கோம், எவ்வளவு நாளைக்கு வெச்சுக்கலாம், இந்த நாலுக்கும் எப்ப கேட்டாலும் உங்ககிட்ட பதில் இருக்கணும். அதனாலதான் தலைப்புலயே ஷீட்னு போட்டேன். எக்செல்லோ கூகுள் ஷீட்டோ எதுவா வேணா இருக்கட்டும், முதல் கிளிப் இறங்கறதுக்கு முன்னாடி அது திறந்திருக்கணும்.

தேடறதுக்கு முன்னாடி

ஸ்க்ரிப்ட எடுத்து உக்காந்து, ஆர்கைவ் ஃபுட்டேஜ் தேவைப்படற இடத்தையெல்லாம் குறிச்சுக்கோங்க. குறிச்சதுக்கப்புறம் அதை ரெண்டு கூறாப் பிரிங்க. ஒண்ணு, அதே நாள், அதே ஆள், அதே சம்பவம்தான் வேணும்ங்கற ஷாட். இன்னொண்ணு, 1950-கள்ல ஒரு தெரு, ஃபேக்டரில வேலை பாக்கற பொம்பளைங்க, கடல்ல ஒரு கப்பல்ங்கற மாதிரி எதை வெச்சாலும் ஒப்பேத்தக்கூடிய ஷாட். புதுசா வர்றவங்க ரெண்டாவதுலதான் முதல்ல கைய வெப்பாங்க, ஏன்னா அது ஈசியா கிடைக்கும், பாக்கவும் அழகா இருக்கும், நாள் போனதே தெரியாது. நீங்க முதல் கூறத் தொடுங்க. அதுக்கு ஓனர் ஒரே ஆளா இருப்பாங்க, அவங்க சொல்றதுதான் ரேட்டு, இல்லேன்னா அந்த ஃபுட்டேஜே உலகத்துல இல்லாம இருக்கும்.

இல்லாம இருக்கும்னு சும்மா சொல்லல. மனுஷன் நிலாவுல கால் வெச்ச 1969 ஒளிபரப்போட ஒரிஜினல் டேட்டா டேப்ப நாசாவே அழிச்சுட்டு மறுபடி யூஸ் பண்ணியிருக்காங்க, 2009-ல அவங்களே அதை ஒத்துக்கிட்டாங்க. நம்மகிட்ட இருக்கறது டிவி ஸ்டேஷன்கள் பதிவு பண்ணி வெச்ச காப்பி. 1960-கள், 70-கள்ல பிபிசி மாதிரி பெரிய சேனல்களே டேப் விலை கூடுதல்னு பழைய நிகழ்ச்சி மேலயே புதுசப் பதிவு பண்ணிட்டுப் போயிருக்காங்க. அதுக்கு நேர்மாறாவும் நடக்கும். 1978-ல கனடாவோட யூகான் பகுதில, டாசன் சிட்டில ஒரு கட்டட வேலைக்கு மண்ணைத் தோண்டறப்ப 533 ஊமைப்பட ரீல் வெளிய வந்துச்சு, பழைய நீச்சல்குளத்த மூடறதுக்கு குப்பையோட குப்பையா அதையும் போட்டு நிரப்பியிருக்காங்க. அதனால "இது எப்படியும் கிடைச்சுடும்"னு நம்பி சீன் எழுத விடாதீங்க, ரைட்டர் கிட்ட முதல் வாரத்துலயே சொல்லிடுங்க. கெட்ட செய்தி சீக்கிரம் சொன்னா அது தகவல், லேட்டா சொன்னா அது உங்க தப்பு.

எங்க தேடறது, எப்படித் தேடறது

பெரிய பேருங்க எல்லாருக்கும் தெரிஞ்சதுதான். நியூஸ்னா ஏபி, ராய்ட்டர்ஸ், பழைய நியூஸ்ரீல்னா (தியேட்டர்ல ஓட்டின செய்திப்படம்) பிரிட்டிஷ் பதே, பிரிட்டிஷ் மூவிடோன், போர்னா லண்டன் இம்பீரியல் வார் மியூசியம், ஃபிரெஞ்சு டிவி ரேடியோன்னா இனா, அமெரிக்க அரசு எடுத்ததுன்னா அங்க நேஷனல் ஆர்கைவ்ஸ், லைப்ரரி ஆஃப் காங்கிரஸ். கெட்டி மாதிரி ஏஜென்சிங்க பல கலெக்‌ஷனுக்கு ஒரே கடையா உக்காந்திருக்காங்க. விளம்பரப் படம், பள்ளிக்கூடப் பாடப்படம், கம்பெனிக்காரங்க எடுத்த படம் மாதிரி யாரும் சீண்டாத சரக்கு வேணும்னா இன்டர்நெட் ஆர்கைவ்ல இருக்கற ப்ரெலிங்கர் கலெக்‌ஷன் போங்க, தனியாள் ஒருத்தர் சேத்த சுமார் 60,000 படத்த 2002-ல லைப்ரரி ஆஃப் காங்கிரஸ் எடுத்துக்கிச்சு, அதுல ஒரு பகுதி ஆன்லைன்ல ஃப்ரீயா கிடக்கு.

2014-ல பிரிட்டிஷ் பதே 85,000 படத்த யூடியூப்ல ஏத்துச்சு, அடுத்த வருஷமே ஏபியும் மூவிடோனும் சேர்ந்து 5,50,000-க்கு மேல வீடியோ ஏத்துனாங்க. நமக்கு இது பெரிய வரம், ராத்திரி 2 மணிக்குக் கூட உக்காந்து பாக்கலாம். ஆனா ஒண்ணு, யூடியூப்ல பாக்க முடியுதுங்கறதும் எடுத்துப் போட்டுக்கலாம்ங்கறதும் ஒண்ணு கிடையாது. இன்னொண்ணு, ஏத்தினவங்கதான் ஓனர்னு கிடையவே கிடையாது, யாரோ ஒருத்தர் டிவில பதிவு பண்ணத ஏத்திட்டு கீழ "எனக்கு எந்த உரிமையும் இல்லை"ன்னு பணிவா எழுதி வெச்சிருப்பார், அந்தப் பணிவால உங்களுக்கு ஒரு பிரயோஜனமும் இல்ல.

தேடற வார்த்தைதான் இங்க வித்தையே. கேட்டலாக்க எழுதினவர் 1930-ல உக்காந்து எழுதியிருப்பார், அவர் யோசிச்ச வார்த்தையத்தான் நீங்க டைப் பண்ணணும். ஊர் பேர எடுத்துக்கோங்க, செயின்ட் பீட்டர்ஸ்பர்க்னு தேடினா பாதிதான் வரும், 1914-க்கு அப்புறம் அது பெட்ரோகிராட், 1924-லேருந்து 1991 வரைக்கும் லெனின்கிராட், மூணையும் போட்டுப் பாக்கணும். ஆளுங்க பேர் தப்புத்தப்பா எழுதியிருக்கும். பொம்பளைங்க பேரே இருக்காது, புருஷன் பேர் போட்டு "திருமதி"ன்னு மட்டும் இருக்கும். இன்னிக்கு நாம மரியாதைக் குறைவுன்னு ஒதுக்கி வெச்ச வார்த்தைங்க கேட்டலாக்ல அப்படியே கிடக்கும், அதையும் போட்டுத்தான் ஆகணும், வேற வழியில்ல. தேடின வார்த்தையெல்லாம் ஷீட்ல தனி டேப்ல எழுதி வைங்க, ரெண்டு மாசம் கழிச்சு டைரக்டர் "நல்லாத் தேடினீங்களா"ன்னு கேப்பார்.

அதை விட முக்கியம், ஆர்கைவ்ல வேலை பாக்கறவங்களுக்கு ஒரு மெயில் போடுங்க. ஆன்லைன்ல தெரியறது கொஞ்சம்தான், டிஜிட்டல் பண்ணாத ரீல் அலமாரி அலமாரியாத் தூங்குது, அது எங்க இருக்குன்னு தெரிஞ்ச ஆள் அந்த மெயிலுக்கு அந்தப் பக்கம் இருக்கார். "பழைய சந்தை ஃபுட்டேஜ் இருக்கா"ன்னு கேக்காதீங்க. எந்த வருஷம், எதுக்காக, எத்தன செகண்ட், கறுப்பு வெள்ளை ஓகேவா, எப்பக்குள்ள வேணும்னு எழுதுங்க. நல்லாக் கேட்டா நீங்க கேக்காததையும் எடுத்துக் குடுப்பாங்க, எனக்கு அப்படிக் கிடைச்ச ஷாட்டுங்கதான் படத்துல எல்லாரும் பேசற ஷாட்டா இருந்திருக்கு.

ஸ்க்ரீனர் வந்தாச்சு, இங்கதான் எல்லாரும் கோட்டை விடறது

ஏஜென்சி முதல்ல அனுப்பறது ஸ்க்ரீனர், அதாவது சின்ன சைஸ் ஃபைல், மேல வாட்டர்மார்க், ஒரு மூலையில ஓடற டைம்கோடு. இதை வெச்சு எடிட் பண்ணிப் பாத்துட்டு, லாக் ஆனதும் பணம் கட்டி நல்ல குவாலிட்டி மாஸ்டர் வாங்கறதுதான் வழக்கம். வாட்டர்மார்க்க மறைக்கறதுக்கு ஜூம் பண்ணாதீங்க, ப்ளர் போடாதீங்க, டைம்கோடு கண்ண உறுத்துதுன்னு க்ராப் பண்ணாதீங்க. அந்த ஓடற நம்பர்தான் பின்னாடி மாஸ்டர்ல அதே ஃப்ரேமக் கண்டுபிடிக்க உங்களுக்கு இருக்கற ஒரே சாட்சி.

ஃபைல் பேர மாத்தாதீங்க. இதை மட்டும் பச்சை குத்திக்கோங்கன்னு சொல்லுவேன். ஏஜென்சி குடுத்த கிளிப் நம்பர் பேர்ல இருக்கும், பாக்க அசிங்கமாத்தான் இருக்கும், இருக்கட்டும். உங்களுக்குப் புரியற மாதிரி வேணும்னா அந்த நம்பருக்கு முன்னாடி ஏஜென்சி பேர், பின்னாடி ரெண்டு வார்த்தை சேருங்க, நம்பர மட்டும் அழிக்காதீங்க. எடிட் சாஃப்ட்வேருக்குள்ள எடிட்டர் கிளிப்ப "அழற அம்மா"ன்னு பேர் மாத்துவார், கண்டிப்பா மாத்துவார், அவர்கிட்ட நல்ல விதமா பேசி, சோர்ஸ் ஃபைல் பேர் இன்னொரு கட்டத்துல தெரியற மாதிரி பண்ணி வைங்க.

ஷீட்ல என்னென்ன வேணும்னு கேட்டா, நான் வெக்கறது இது: நம்ம ப்ராஜெக்ட்டுக்குன்னு ஒரு வரிசை நம்பர், ஏஜென்சி பேர், அவங்க கிளிப் நம்பர், லிங்க், எந்தத் தேதி டவுன்லோடு பண்ணேன், படத்துல என்ன தெரியுதுன்னு ஒரு வரி, எந்த வருஷம்னு அவங்க சொல்றாங்க, அதை நாம சரிபாத்தாச்சா இல்லையா, ஒரிஜினல் ஃபார்மட் என்ன, எத்தன ஃப்ரேம், சவுண்டு இருக்கா, ரேட் என்ன, மினிமம் எத்தன செகண்ட், ரைட்ஸ்ல ஏதாவது வில்லங்கம் இருக்கா, இப்ப கட்ல, அதாவது எடிட் பண்ணி வெச்சிருக்கற படத்துல, இருக்கா, இருந்தா எத்தன செகண்ட். பாக்க நீளமா இருக்கு, ஒரு கிளிப்புக்கு நிரப்ப 3 நிமிஷம் ஆகும். ஒரு கிளிப்புக்கு 3 நிமிஷமா 11 நாளான்னு யோசிச்சுக்கோங்க. ஒவ்வொரு புதுக் கட் வந்ததும் எடிட்டர் கிட்ட ஈடிஎல் (எந்தக் கிளிப்ல எங்கேருந்து எங்க வரைக்கும் எடுத்திருக்குங்கற லிஸ்ட்) வாங்கி ஷீட்ட அப்டேட் பண்ணணும், ஏன்னா நேத்து இருந்த ஷாட் இன்னிக்கு இருக்காது, நேத்து 4 செகண்ட் இருந்தது இன்னிக்கு 19 ஆகியிருக்கும்.

சொன்னபடி அதுதானான்னு பாருங்க

ஃபுட்டேஜ் பொய் சொல்லும். கேமரா எடுத்தது உண்மையா இருந்தாக் கூட அதுக்குப் போட்ட லேபிள் பொய் சொல்லும். 1917 ரஷ்யப் புரட்சில குளிர்கால அரண்மனைய மக்கள் முட்டிமோதிப் புடிக்கறதுன்னு பல டாக்குமென்டரில ஒரு ஷாட் வரும் பாருங்க, கேட் மேல எல்லாரும் ஏறுவாங்க. அது நியூஸ்ரீலே கிடையாது, புரட்சியோட பத்தாம் வருஷத்துக்காக டைரக்டர் ஐசன்ஸ்டைன் நடிக்க வெச்சு எடுத்த சினிமா, 1928-ல ரிலீஸ். முதல் உலகப் போர்ல நடந்த சோம் சண்டையப் பத்தி 1916-ல வந்த படத்துல வீரங்க பதுங்குகுழிலேருந்து ஏறி ஓடற ஷாட்டும் உண்மைச் சண்டைல எடுத்தது இல்ல, போர்முனைக்குப் பின்னாடி நடிச்சுக் காட்டினதுன்னு ஆராய்ச்சி பண்ணவங்க சொல்லியாச்சு.

எப்படிப் புடிக்கறது? கேமரா எங்க நிக்குதுன்னு பாருங்க. குண்டு பறக்கற இடத்துல, எதிரிப் பக்கத்துலேருந்து ஓடிவர்றவங்களோட முகத்துக்கு நேரா கேமரா நிக்குதுன்னா அங்க கேமராமேன் எப்படி உக்காந்திருப்பார்? கார் நம்பர் பிளேட், கடை போர்டு, டிரெஸ், தெருவிளக்கு, மரத்துல இலை இருக்கா இல்லையா, நிழல் எந்தப் பக்கம் விழுது, ஒவ்வொண்ணும் சாட்சி. ஜனவரின்னு போட்டிருக்கு, குளிர் ஊர், மரம் பச்சைப் பசேல்னு இருக்கு, அப்ப ஏதோ தப்பு. ஒரே கூட்டத்து ஷாட்ட நாலு வெவ்வேற சம்பவத்துக்கு வெட்டிப் போட்ட நியூஸ்ரீல நானே பாத்திருக்கேன். சந்தேகம் தீரலேன்னா அந்த ஷாட்ட "அந்த நாள்"னு காட்டாம பொதுவான ஷாட்டா மட்டும் யூஸ் பண்ணச் சொல்லுங்க, வாய்ஸ் ஓவர்ல ஒரு வார்த்தை மாத்தினாலே போதும்.

ரைட்ஸ், பொறுமையாப் படிங்க

முதல் பாடம், ரீல் யார் கையில இருக்குங்கறது வேற, காப்பிரைட் யார்கிட்ட இருக்குங்கறது வேற. 1963-ல கென்னடி சுடப்பட்டத ஜப்ரூடர்ங்கறவர் தன்னோட 8 எம்எம் ஹோம் மூவி கேமரால எடுத்தார் இல்லையா, 26 செகண்ட் சொச்சம், 486 ஃப்ரேம். அந்த ஃபிலிமுக்கு அமெரிக்க அரசு அவர் குடும்பத்துக்கு 1999-ல 1.6 கோடி டாலர் குடுத்துச்சு, ஃபிலிம் இப்ப நேஷனல் ஆர்கைவ்ஸ்ல இருக்கு. ஆனா காப்பிரைட் அரசாங்கத்துக்குப் போகல, குடும்பம் அதை டாலஸ்ல இருக்கற சிக்ஸ்த் ஃப்ளோர் மியூசியத்துக்குக் குடுத்தாங்க. அரசாங்கமே காசு குடுத்து ரீல வாங்கியும் ரைட்ஸ் வேற இடத்துல. அப்ப பரண்ல கிடந்த ரீல உங்க கையில குடுத்தவர் "தாராளமா யூஸ் பண்ணிக்கோங்க"ன்னு சொன்னா, எடுத்தவர் யாரு, அவர் வாரிசு யாருன்னு கேட்டுக் கையெழுத்து வாங்காம விடாதீங்க.

அடுத்தது, ஒரு கிளிப்புக்குள்ள ஒரே ஒரு ரைட்ஸ் இருக்கும்னு நெனைக்காதீங்க. பிக்சர் ஒருத்தரோடது, பின்னாடி ஓடற பாட்டு இன்னொருத்தரோடது, சினிமா கிளிப்னா நடிகர்கள் அனுமதி தனி, விளையாட்டுன்னா போட்டி நடத்தினவங்க, சுவத்துல ஒரு ஓவியம் தெரிஞ்சா அதுக்கும் ஆள் இருப்பார். ஏஜென்சி லைசென்ஸ்ல சின்ன எழுத்துல "பிக்சருக்கு மட்டும்தான், மத்த அனுமதி எல்லாம் உங்க பொறுப்பு"ன்னு இருக்கும், அதைத் தேடிப் படிங்க. நியூஸ்ரீல்ல மியூசிக் கலந்தே வந்தா, மியூட் ட்ராக் இல்லாட்டி மியூசிக் இல்லாத ட்ராக் இருக்கான்னு கேளுங்க.

பப்ளிக் டொமைன், அதாவது காப்பிரைட் இல்லாதது, யார் வேணா யூஸ் பண்ணலாம்ங்கற வார்த்தையக் கேட்டதும் எல்லாருக்கும் வாயெல்லாம் பல்லாயிடும். இது நாட்டுக்கு நாடு வேற. அமெரிக்க மத்திய அரசு ஊழியர்கள் வேலையா எடுத்த படத்துக்கு அங்க காப்பிரைட் கிடையாது, நாசா ஃபுட்டேஜ் அந்த வகைதான், ஆனா நாசா லோகோவ உங்க விளம்பரத்துல போட்டுக்க முடியாது. அமெரிக்காவுல வெளியான பழைய படங்களுக்கு காப்பிரைட் அதிகபட்சம் 95 வருஷம், இந்தியாவுல சினிமாவுக்கு வெளியான வருஷத்துக்கு அடுத்து 60 வருஷம், ஐரோப்பிய யூனியன்ல டைரக்டர், ரைட்டர், வசனம் எழுதினவர், மியூசிக் போட்டவர் நாலு பேர்ல கடைசியா செத்தவருக்கு அப்புறம் 70 வருஷம். அதனால ஒரு கிளிப் ஒரு நாட்டுல ஃப்ரீ, இன்னொரு நாட்டுல கேஸ். படம் எந்தெந்த நாட்டுல ஓடப்போகுதோ அங்கெல்லாம் பாக்கணும். பப்ளிக் டொமைன் கிளிப்புக்குக் கூட ஏஜென்சி காசு கேப்பாங்க, அது நல்ல ஸ்கேனுக்கான காசு, அதே படம் வேற இடத்துல ஃப்ரீயா நல்லாக் கிடைச்சா அங்க எடுத்துக்கலாம், கிடைக்கலேன்னா குடுத்துட்டுப் போங்க.

ஃபேர் யூஸ், அதாவது அனுமதி வாங்காமலே கொஞ்சம் எடுத்துக்கலாம்னு சட்டம் விடற இடம், அதப் பத்தி ஒரு வார்த்தை. "30 செகண்டுக்குக் கீழன்னா ஃப்ரீ"ன்னு யாராவது சொன்னா நம்பாதீங்க, அப்படி ஒரு சட்டம் கிடையாது. அந்த கிளிப்பப் பத்தியே நீங்க விமர்சனம் பண்றீங்களா, விளக்கறீங்களா, தேவைக்கு மேல எடுக்கலையா, அதோட மார்க்கெட்டக் கெடுக்கறீங்களா, இப்படிப் பல கேள்வி இருக்கு, அதுக்குப் பதில் சொல்ல வேண்டியது வக்கீல், நாம இல்ல. ஷாட் அழகா இருக்கு, சும்மா நிரப்பலாம்ங்கறது எந்த ஊர்லயும் ஃபேர் யூஸ்ல வராது.

லைசென்ஸ் எழுதறப்ப மூணு விஷயம்: எந்தெந்த மீடியா, எந்தெந்த நாடு, எத்தன வருஷம். டிவிக்கு மட்டும் வாங்கிட்டு ஓடிடில போட முடியாது. வருஷக் கணக்க சாதாரணமா எடுத்துக்காதீங்க. அமெரிக்காவுல கறுப்பின மக்களோட உரிமைப் போராட்டத்தப் பத்தி 1987-ல வந்த "ஐஸ் ஆன் த ப்ரைஸ்" டிவி தொடர், அந்த விஷயத்துல பாடப்புத்தகம் மாதிரி, அதுல வாங்கின ஆர்கைவ் லைசென்ஸ் எல்லாம் காலாவதியாகி வருஷக்கணக்குல ஒளிபரப்பவே முடியாமக் கிடந்துச்சு, நிதி திரட்டி மறுபடி ஒவ்வொண்ணா க்ளியர் பண்ணி 2006-லதான் திரும்ப டிவில வந்துச்சு. முடிஞ்சா எல்லா மீடியா, எல்லா நாடு, காலவரையில்லாமன்னு கேளுங்க. காசு பத்தலேன்னா, இப்ப கம்மியா வாங்கிட்டு பின்னாடி கூட்டிக்க என்ன ரேட்டுன்னு இப்பவே எழுத்துல வாங்கிக்கோங்க, படம் ஹிட் ஆன பிறகு கேட்டா ரேட் வேற மாதிரி இருக்கும்.

ரேட் பெரும்பாலும் செகண்ட் கணக்கு, ஆனா மினிமம் இருக்கும். 30 செகண்ட் மினிமம்னா நீங்க 4 செகண்ட் எடுத்தாலும் 30-க்குத்தான் பில். அதனால பத்து ஏஜென்சில ஆளுக்கு 4 செகண்ட் எடுக்கறத விட, ரெண்டு ஏஜென்சில மொத்தமா எடுத்தா, ரேட் ஒண்ணா இருந்தா, காசு அஞ்சுல ஒரு பங்காக் குறையும். எடிட்டர் கிட்ட இதை ரஃப் கட்லயே, அதாவது முதல் எடிட்லயே, சொல்லுங்க, "அந்த கடல் ஷாட்ட இவங்ககிட்டேருந்து எடுத்துக்கலாமா, ஏற்கனவே மினிமம் கட்டியாச்சு"ன்னு, அவரும் பெரும்பாலும் சரின்னுடுவார்.

டெக்னிக்கல் பக்கம், பயப்படாதீங்க

ஊமைப்பட காலத்து ஆளுங்க ஏன் குடுகுடுன்னு ஓடறாங்க? அவங்க ஓடல. கையால சுத்தற கேமரால செகண்டுக்கு சுமார் 16 ஃப்ரேம்ல எடுத்தத 24-ல ஓட்டினா ஒன்றரை மடங்கு வேகம். சில சமயம் அது 14, சில சமயம் 18, கேமராமேன் கை வலிச்சா இன்னும் கம்மி. முதல் உலகப் போர் ஃபுட்டேஜ வெச்சு 2018-ல பீட்டர் ஜாக்சன் பண்ண டாக்குமென்டரில ஷாட்டுக்கு ஷாட் வேகத்தக் கணிச்சுத்தான் சரி பண்ணாங்க. நீங்க செய்யறப்ப ஒருத்தர் நடக்கறதப் பாருங்க, கொடி ஆடறதப் பாருங்க, குதிரையப் பாக்காதீங்க, அது எப்படி ஓடினாலும் சரியாத்தான் தெரியும்.

பழைய டிவி டேப்ல வர்ற தலைவலி இன்டர்லேஸ். ஒரு ஃப்ரேம ரெண்டு ஃபீல்டாப் பிரிச்சு, ஒத்தைப்படை வரி ஒரு தடவை, இரட்டைப்படை வரி அடுத்த தடவைன்னு பதிவு பண்ணது, 25 ஃப்ரேம்னா 50 ஃபீல்டு. கம்ப்யூட்டர் ஸ்க்ரீன்ல பாத்தா கைய ஆட்டற இடத்துல சீப்புப் பல்லு மாதிரி கோடு கோடாத் தெரியும். முதல்ல டீ-இன்டர்லேஸ் பண்ணிட்டுத்தான், அதாவது அந்தக் கோடு போக முழு ஃப்ரேமாக்கிட்டுத்தான், சைஸ மாத்தணும். தலைகீழாப் பண்ணா அந்தச் சீப்பு படத்துக்குள்ளேயே பதிஞ்சிடும், அப்புறம் ஒண்ணும் பண்ண முடியாது. ஏஜென்சி கிட்ட இன்டர்லேஸ் ஃபைல அப்படியே குடுங்க, நீங்க எதையும் மாத்தாதீங்கன்னு கேளுங்க.

இன்னொரு கேள்வியும் கேளுங்க: இதோட ஒரிஜினல் எது? அவங்க கொடுக்கற ஃபைல் பழைய பீட்டாகேம் டேப்லேருந்து வந்திருக்கும், ஆனா கிடங்குல 16 எம்எம் நெகட்டிவ் இருக்கும். டேப்னா 576 இல்லாட்டி 480 வரியோட முடிஞ்சு போச்சு, ஃபிலிம்னா புதுசா 2கே, 4கேல ஸ்கேன் பண்ணலாம். ஸ்கேனுக்கு தனிக் காசும் சில வாரமும் ஆகும், முக்கியமான ரெண்டு மூணு ஷாட்டுக்கு அது தாராளமா தகும். யாராவது வீட்டு ரீல் குடுத்தா மோந்து பாருங்க, வினிகர் வாசம் அடிச்சா ஃபிலிம் செஞ்ச அசிட்டேட் பிளாஸ்டிக் கெட ஆரம்பிச்சிருச்சுன்னு அர்த்தம், ப்ரொஜெக்டர்ல மாட்டாம நேரா லேபுக்கு அனுப்புங்க. 1950-களோட தொடக்கத்துக்கு முன்னாடி உள்ள 35 எம்எம்னா நைட்ரேட் ஃபிலிமா (சுலபமாத் தீப்புடிக்கற பழைய வகை) இருக்கலாம், அது பத்திக்கிட்டா தண்ணிக்குள்ள போட்டாலும் எரியும், தொடாதீங்க, ஆர்கைவுக்கு ஃபோன் பண்ணுங்க.

பழைய டிவி வடிவமான 4:3 படத்த இன்னிய அகலமான 16:9 ஸ்க்ரீன்ல முழுசா நிரப்பினா மேலயும் கீழயும் சேர்த்து கால்வாசிப் படம் போயிடும். தலை போகும், சப்டைட்டில் போகும், கேமராமேன் பாத்துப் பாத்து வெச்ச ஃப்ரேம் போகும். என்னைக் கேட்டா ரெண்டு பக்கமும் கறுப்பு விட்டு முழுப் படத்தையும் காட்டுங்கன்னுதான் சொல்லுவேன், சேனல்காரங்க ஒத்துக்கலேன்னா ஷாட்டுக்கு ஷாட் பாத்து க்ராப் பண்ணுங்க, மொத்தமா ஒரே செட்டிங் போடாதீங்க. பக்கவாட்டுல இழுத்து எல்லாரையும் குண்டாக்கறது மட்டும் வேண்டவே வேண்டாம்.

சின்னப் படத்தப் பெருசாக்கித் தெளிவாக்கற ஏஐ அப்ஸ்கேல் பத்திக் கேக்காம விடமாட்டீங்க. சுவர், கடல், கட்டடம்னா நல்லா வேலை செய்யுது. தூரத்துல இருக்கற முகத்துல அது இல்லாத கண்ணையும் பல்லையும் வரையுது, அந்த முகம் அன்னிக்கு அங்க இருந்த மனுஷனோடது கிடையாது. ஆர்கைவல் புரொட்யூசர்ஸ் அலையன்ஸ்ங்கற அமைப்பு 2024-ல டாக்குமென்டரிகளுக்கு ஏஐ வழிகாட்டி ஒண்ணு வெளியிட்டாங்க, எதை மாத்தினோம், எதை உருவாக்கினோம்னு பாக்கறவங்களுக்கு மறைக்கக்கூடாதுங்கறது அதோட சாரம். நான் ஷீட்ல இதுக்குன்னே ஒரு கட்டம் சேத்துட்டேன்.

லாக் ஆன பிறகு

இப்ப மாஸ்டர் ஆர்டர் பண்றது. ஈடிஎல்லேருந்து ஒவ்வொரு கிளிப்போட தொடக்கமும் முடிவும் எடுத்து, ரெண்டு பக்கமும் கொஞ்சம் ஹேண்டில் (கூடுதல் ஃப்ரேம்) விட்டு, ஒரு செகண்டாவது விட்டு, லிஸ்ட் அனுப்புங்க. டிசால்வ், அதாவது ஒரு ஷாட் கரைஞ்சு அடுத்தது வர்ற இடத்துல, இன்னும் கொஞ்சம் அதிகமா விடணும். சில ஆர்கைவ்ல மாஸ்டர் வர மூணு நாலு வாரம் ஆகும், கலர் கரெக்‌ஷன் தேதிய முன்னாடியே கேட்டு வெச்சுக்கோங்க.

வந்ததும், எடிட்ல ஸ்க்ரீனர் இடத்துல மாஸ்டர மாட்டற ரீலிங்க் பட்டன அமுக்கினா எல்லாம் தானா உக்காந்துடும்னு நான் ஒரு காலத்துல நம்பினேன். ஒரு தடவை ஸ்க்ரீனர் 25 ஃப்ரேம் வேகத்துல ஓடற காப்பி, மாஸ்டர் 24 ஃப்ரேம் ஃபிலிம் ஸ்கேன். ஸ்க்ரீனர்ல 10-வது நிமிஷத்துல இருந்த ஷாட் மாஸ்டர்ல 25 செகண்ட் தள்ளி இருக்கு. ரீலிங்க் பண்ணிட்டு எரர் வரலேன்னு சந்தோஷமா வீட்டுக்குப் போயிட்டேன். அடுத்த நாள் பாத்தா, ஒருத்தர் கண்ணீரோட பேசற வாய்ஸுக்கு மேல நாய்க்குட்டி ஒண்ணு ஓடுது. அதுலேருந்து ஸ்க்ரீனர் கட்ட ஒரு ட்ராக்ல, மாஸ்டர மேல இன்னொரு ட்ராக்ல வெச்சு, மேல இருக்கறத பாதி டிரான்ஸ்பரன்ட்டா ஆக்கி, ஒவ்வொரு கட்டோட முதல் ஃப்ரேமையும் கடைசி ஃப்ரேமையும் கண்ணால பாக்கறேன். ஒரு கண் சிமிட்டல், ஒரு கால் தரையில படற இடம், ஃபிலிம்ல ஒரு கீறல், ஏதாவது ஒண்ணப் புடிச்சு ரெண்டும் பொருந்துதான்னு பாருங்க. சின்னக் கீறல்தான் சூப்பர், அது பெரும்பாலும் அந்த ஒரு ஃப்ரேம்ல மட்டும்தான் இருக்கும். ஸ்க்ரீனர் வேற பிரிண்ட்லேருந்து எடுத்ததுன்னா மட்டும் கீறல நம்பாதீங்க.

கடைசியா ஒரு தடவை செகண்ட எண்ணணும். ஃபைனல் படத்த ஓட்டி, ஏஜென்சி வாரியா கூட்டி, லைசென்ஸ்ல எழுதினதோட ஒப்பிட்டு, கூடுதலா இருந்தா இப்பவே சொல்லிக் காசு கட்டிடுங்க, அவங்க கண்டுபிடிச்சா தண்டம் சேரும். எண்ட் டைட்டில்ல ஒவ்வொரு ஆர்கைவ் பேரையும் லைசென்ஸ்ல எப்படிப் போடச் சொன்னாங்களோ அதே மாதிரி போடணும், ஒரு கமா மாறினாக் கூட மெயில் வரும். அப்புறம் லைசென்ஸ், பில், ரிலீஸ் ஃபார்ம் (அனுமதிக் கையெழுத்துப் படிவம்), ஷீட், முக்கியமான மெயில் எல்லாத்தையும் ஒரே ஃபோல்டர்ல போட்டு தயாரிப்பாளர் கையில குடுத்து, வாங்கிட்டேன்னு ஒரு மெயில் வாங்கிக்கோங்க. காலவரை உள்ள லைசென்ஸ் ஒவ்வொண்ணுக்கும் முடியற தேதிக்கு ஆறு மாசம் முன்னாடி அவங்க கேலண்டர்லயும் உங்க கேலண்டர்லயும் ஒரு ரிமைண்டர் போடுங்க. பதினஞ்சு வருஷத்துக்கு அப்புறம் நீங்க அந்த கம்பெனில இருக்க மாட்டீங்கதான், ரிமைண்டர் அடிச்சா ஒரு ஃபோனாவது பண்ணிச் சொல்லலாம்.